இரண்டாவது கேள்வி

எமிலியானா எங்கள் வீட்டுக்கு வந்து மூன்று கிழமையாகியும் கமராவைப் பெட்டியிலிருந்து எடுக்கவில்லை. அது அவருடைய வழக்கமாம். இதற்கு முன் இத்தாலியின் கலாப்ரியா மலையில் கரி சுடும் குடும்பங்களோடு ஒரு குளிர்காலம் முழுக்க இருந்தவர். அதற்கும் முன், வள்ளத்திலேயே குடியிருக்கும் மீனவர்களோடு. யாரும் எட்டிப் பார்க்காத சனத்திடம் போய், அவர்களோடு படுத்தெழும்பி, அவர்கள் தன்னை மறந்த பிறகுதான் படம் பிடிப்பார். இந்த முறை அவர் தேடி வந்த சனம் நாங்கள்தான், பலெர்மோவில் இருக்கும் யாழ்ப்பாணத்தார்.

வீடு குகனேஸ்வரி அக்காவுடையது. கபோச் சந்தைக்கு மேலே மூன்றாம் மாடி. அக்காவும் புருசனும் மகள் கேசிகாவும் முன்னறையில். பின்னறையில் நானும் தில்லையம்பலம் அண்ணையும். எமிலியானாவுக்குக் கேசிகாவின் கட்டிலுக்குப் பக்கத்தில் ஒரு மெத்தை போட்டுக் கொடுத்தோம். முதல் நாள் அவர் கையால் சோறு குழைத்துச் சாப்பிட்டதைப் பார்த்துக் கேசிகா பாதி தமிழும் பாதி இத்தாலியனுமாய்க் கத்தினாள்.

"அம்மா, எமிலி கையால மாஞ்சா பண்ணுறா!"

"பண்ணட்டும். நீ கரண்டியால பண்ணுறதுக்கு அது பரவாயில்லை" என்றார் அக்கா.

அப்படியே எமிலியானா வீட்டோடு ஒட்டிக்கொண்டார். காலையில் அக்காவோடு சந்தைக்குப் போய்க் கத்தரிக்காய்க்குப் பேரம் பேசினார். "சாப்பிட்டாச்சோ?" என்று எல்லோரையும் கேட்கப் பழகினார். அக்கா அவரைப் "பிள்ளை" என்று கூப்பிடத் தொடங்கினார். எமிலியானாவுக்கு அக்காவை விட வயது கூட.

எனக்கு இந்தப் படத்தில் இரண்டு வேலை. ஒன்று, இரண்டு பக்கமும் மொழிபெயர்ப்பது. மற்றது, ஒலிவாங்கியைத் தடியில் கட்டிப் பிடித்துக்கொண்டு நிற்பது. அதுவரை ஒரு ரெஸ்ரோறன்றில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தேன், வேலைக்கென்று ஒரு பேப்பரும் இல்லாமல். எமிலியானா என்னை ஒலி உதவியாளர் என்று எழுதிக் கையெழுத்து வைத்துத் தந்த பிறகுதான் என் பெர்மெஸ்ஸோவை, இந்த நாட்டில் இருக்கிற அனுமதியை, புதுப்பிக்க முடிந்தது. நான் கதவு தட்டினாலே நெஞ்சு பதறுகிற ஆள். அந்தக் கடதாசி வந்த பிறகு கொஞ்சம் நித்திரை வந்தது. அதோடு வேறொன்றும் வந்தது. "உனக்கு நல்ல காது, கஜானன்" என்று எமிலியானா ஒருநாள் சொன்னார். இந்த ஊரில் என்னைப் பற்றி யாரும் சொன்ன முதல் நல்ல வார்த்தை அது. அதற்குப் பிறகு, அவர் கேட்கச் சொல்லாததையும் நல்லாகக் கேட்டுவிட வேண்டும் என்று ஒரு அவா பிடித்துவிட்டது.

அவர் சொல்லித் தந்த வித்தை ஒன்று உண்டு. ஒருவர் பதில் சொல்லி முடித்ததும் அடுத்த கேள்விக்குப் பாயக் கூடாது. பேசாமல் இருக்க வேண்டும். தலையைக்கூட ஆட்டக் கூடாது. அந்த மௌனம் தாங்காமல் மனிதர் இன்னும் ஒன்று சொல்வார். சொல்ல நினைக்காத விசயம் அப்போதுதான் வரும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை தில்லை அண்ணையின் முறை. நாற்பத்தைந்து வயது, ஒரு டொக்ரர் வீட்டில் துடைக்கிற, இஸ்திரி போடுகிற வேலை. வாய் நிறையப் பகிடி. ஒவ்வொரு ஞாயிறும் விடியவே எழும்பி, வெறும் வயிற்றோடு, செருப்பில்லாமல் பெல்லெக்ரீனோ மலையேறி அங்கே குகைக் கோயிலில் இருக்கிற புனிதை சாந்தா ரொசாலியாவைக் கும்பிட்டுவிட்டு வருவார். தாயின் கண் ஒப்பரேசனுக்கு வைத்த நேர்த்தி. தாய் யாழ்ப்பாணத்தில். சண்டையில் தரைப்பாதை பூட்டிக் கிடந்த காலம். கப்பலில் திருகோணமலைக்கு வந்து, அங்கிருந்து கொழும்புக்கு வந்து கண்ணை வெட்ட வேண்டும். ஒரு வருசமாய் இவர் ரெலிபோனிலும் கடிதத்திலும் நெருக்கி நெருக்கி, கடைசியில் அந்த மனுசி சம்மதித்துக் கப்பல் ஏறிவிட்டார் என்ற செய்தி வந்திருந்தது.

அன்றைக்கு அவர் மலையிலிருந்து வந்து குளித்து, நீலக் கோடு போட்ட சேட்டை இஸ்திரி போட்டு உடுத்தி, தலைக்கு எண்ணெய் வைத்து வாரிக்கொண்டு நின்றார்.

"எப்பிடி, மாப்பிள்ளை மாதிரி நிக்கிறனே?"

"தேங்காய் துருவப் போறியள் அண்ணை. பழைய சேட்டே காணும்."

"டேய், ரோமாபுரி முழுக்கப் பாக்கப் போகுது. நீ தடியைப் பிடிக்கிற வேலையைப் பார்."

பத்து மணியிருக்கும், ரெலிபோன் அடித்தது. அக்காதான் எடுத்தார். அவர் "ஓம்... ஓம்... எப்ப?" என்று மட்டும் சொன்னதைப் பின்னறையிலிருந்து கேட்டேன். பிறகு என்னைக் கடைக்கு அனுப்புகிற மாதிரிக் கூப்பிட்டு, படிக்கட்டுக்குக் கூட்டிக்கொண்டு போய்க் கதவைச் சாத்தினார்.

"தில்லையின்ர அம்மா போயிட்டா" என்றார். "வியாழக்கிழமையாம். கப்பலால இறங்கித் திருகோணமலையில ஒரு வீட்டில தங்கி நிண்டவ. இரவு படுத்தவ காலமை எழும்பேல்லை. வெள்ளிக்கிழமையே எடுத்தாச்சாம்."

கீழே சந்தையில் ஒருவன் வாள்மீன் வெட்டிக்கொண்டு ராகம் போட்டுக் கூவிக்கொண்டிருந்தான்.

"கேள், கஜானன். அந்தாள் விடிய எழும்பி மலையேறிப்போட்டு வெறும் வயித்தோட நிக்கிது. இப்ப கேட்டாரெண்டால் நாளைக்கும் வாயில ஒண்டும் வைக்கமாட்டார். முதல் சாப்பிடட்டும். லக்சனுக்கும் சொல்லியாச்சாம். ரெண்டு மணிக்குப் பஸ் எடுத்து வருவான். அவன்தான் சொல்லோணும். சொந்தக்காரன் இருக்க நாங்கள் சொல்லக் கூடாது."

லக்சன் தில்லை அண்ணையின் சின்னம்மாவின் மகன். மொந்தெல்லோவில் ஒரு வீட்டில் தோட்ட வேலை.

"அப்ப படம் பிடிக்கிறது?"

அக்கா யோசித்தார். "நிப்பாட்டினால் அவருக்கு விளங்கிடும். சேட்டும் போட்டுக்கொண்டு நிக்கிறார். பிடிக்கட்டும். வேலையைப் பற்றிக் கேளுங்கோ, வந்த பாதையைப் பற்றிக் கேளுங்கோ. தாயைப் பற்றி மட்டும் ஒரு சொல்லும் கேக்க வேண்டாம். விளங்குதே?"

"ஓம் அக்கா."

"முகத்தைக் கழுவிப்போட்டு வா. செத்த வீட்டு முகத்தோட வராதை."

முகத்தைக் கழுவினேன். கழுவிய முகத்தையும் எமிலியானா கண்டுபிடித்துவிட்டார். ஒன்றரை மாதம் ஒரு வீட்டில் இருந்தவருக்கு அது தெரியாமல் போகுமா? நடையில் மறித்து, என்ன நடந்தது என்று கேட்டார். சொன்னேன். சொன்னால் அவராகவே படப்பிடிப்பைத் தள்ளிப்போடுவார், தலைவலி என்று ஏதாவது சாட்டுச் சொல்லுவார் என்று நினைத்தேன். எமிலியானா கையை வாயில் வைத்துக்கொண்டார். கண் கலங்கியது. "பாவம், பாவம்" என்றார். சாப்பிட்ட பிறகுதான் சொல்லுவோம் என்றதும், "உங்கள் ஆட்கள் எவ்வளவு மென்மையானவர்கள்" என்று என் தோளைத் தொட்டார். பிறகு போய்க் கமராவுக்கு மின்கலம் மாட்டினார்.

குசினிக்குள் தில்லை அண்ணை திருவலையில் குந்தியிருந்து தேங்காய் துருவினார். அக்கா அடுப்படியில், எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு பருப்புக் கடைந்தார். எமிலியானா நிலத்தில் சப்பாணி கொட்டி இருந்து கமராவை முழங்காலில் வைத்துக்கொண்டார். நான் தடியோடு நின்றேன்.

முதலில் எல்லாம் நல்லாகத்தான் போனது. டொக்ரர் வீட்டுச் சினியோரா தன் நாயின் குளிர்ச்சட்டையையும் இஸ்திரி போடச் சொல்கிற கதையை அண்ணை சொன்னார். மொழிபெயர்க்க முதலே எமிலியானாவுக்குச் சிரிப்பு. பிறகு, எப்படி வந்தார், எந்தப் பனிக்காட்டில் நடந்தார் என்று. அதைச் சுருக்கமாகச் சொல்லிவிட்டு, "அதெல்லாம் எல்லாரும் வந்த பாதைதானே, அதில என்ன கிடக்கு" என்றார்.

அப்போது எமிலியானா, கண்ணைக் கமராவிலிருந்து எடுக்காமல், மிக மெதுவாக என்னிடம் சொன்னார். "தாயைப் பற்றிக் கேள்."

நான் அவரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை.

"ஒரு தரம் மட்டும்" என்றார்.

தில்லை அண்ணைக்கு வீட்டு வேலை இத்தாலியன் மட்டும் தெரியும். தாய் என்ற சொல் அதற்குள் அடக்கம். முகம் மலர்ந்துவிட்டது.

"அம்மாவைப் பற்றிக் கேக்கிறாவே? அட, அதை முதல் கேட்டிருக்கலாமே!"

அடுப்படியில் மத்துச் சத்தம் நின்றது.

நான் இல்லை என்று சொல்லியிருக்கலாம். "நாயைப் பற்றித்தான் கேக்கிறா" என்று சொன்னால் போதும். நாக்கில் வந்தது வேறு. "ஓம் அண்ணை, அம்மாவைப் பற்றிச் சொல்லட்டாம்."

"என்ர அம்மா ஒரு தனிப் பிறவி, எமிலி" என்று அவர் நேரே கமராவுக்கே சொல்லத் தொடங்கினார். "தொண்ணூற்றைஞ்சில யாழ்ப்பாணமே எழும்பி ஓடினதெல்லே? சனமெல்லாம் சாமானும் சட்டியும் தூக்கிக்கொண்டு ஓடுதுகள். என்ர அம்மா என்னத்தைத் தூக்கினவ தெரியுமே? மேசை ஃபான்! காத்தாடி! யாழ்ப்பாணத்தில கரண்ட் நிண்டு அஞ்சு வருசம்! அந்த ஃபானைப் பிள்ளை மாதிரி இடுப்பில வைச்சுக்கொண்டு, மழைக்குள்ளை, சாவகச்சேரி வரைக்கும் நடை!"

எழும்பியே விட்டார். பாதித் தேங்காயை இடுப்பில் வைத்து, கூனி, ஒரு கையால் சேலைத் தலைப்பைத் தலைக்கு இழுத்துக் குசினிக்குள் நடந்து காட்டினார்.

"என்ர அக்காவின்ர மூத்தவன் கேட்டவனாம், 'அம்மம்மா, உதை எறியணை, அரிசியைத் தூக்குவம்' எண்டு. அதுக்கு அவ, 'உன்ர அம்மப்பா சீட்டுக் கட்டி வாங்கினது. விட்டுட்டுப் போனா ஆமிக்காரன் காத்து வாங்கிறதுக்கோ?'"

நான் சொல்லச் சொல்ல, எமிலியானா கமரா ஆடாமல் சிரித்தார். தில்லை அண்ணை கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். நானும் சிரித்தேன். சிரிக்கிறேன் என்று பிறகுதான் தெரிந்தது.

அவர் திரும்பத் திருவலையில் இருந்தார். கேட்கச் சொன்ன கேள்வி முடிந்துவிட்டது. அந்த இடத்தில் தடியைக் கீழே இறக்கியிருந்தால் போதும். எமிலியானாகூட உடம்பைக் கொஞ்சம் தளர்த்தினார், முடித்துவிட்டார் போல.

நான் இறக்கவில்லை. யாரும் சொல்லாமல், என் பாட்டில், கேட்டேன்.

"அம்மா இஞ்சை வந்தால் முதல்முதல் எங்கை கூட்டிக்கொண்டு போவியள், அண்ணை?"

கேட்டபோது எனக்குத் தெரிந்திருந்தது. அந்த மனுசி எரிந்து சாம்பலாகிவிட்டார் என்று தெரிந்துகொண்டுதான் கேட்டேன். ஏன் கேட்டேன் என்று எத்தனையோ தரம் யோசித்துவிட்டேன். நல்ல கேள்வி என்று பட்டது. அவ்வளவுதான். வேறு ஒரு காரணமும் கிடைக்கவில்லை.

"எங்கையோ? மலைக்குத்தான் எண்டு நினைப்பாய். இல்லை. கால்சாவுக்கு. கடற்கரைப் புல்லில இருத்தி, ஐஸ்கிறீம் பாண் வாங்கிக் குடுப்பன். பணிசைப் பிளந்து அதுக்குள்ளை ஐஸ்கிறீம் வைச்சுத் தருவாங்களெல்லே? அவ என்ன சொல்லுவா தெரியுமே? 'விசரங்களடா, பாணுக்குள்ளை ஐஸ்கிறீமோ? சம்பல் இல்லையோ?'"

சிரிப்பு அடங்கியது. நான் பேசவில்லை. தலையை ஆட்டவில்லை. சொல்லித் தந்தபடி இருந்தேன். அவர் தேங்காய்ச் சிரட்டையைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார்.

"சனிக்கிழமை ரெலிபோன் எடுப்பா எண்டவை" என்றார். "எடுக்கேல்லை. லைன் கிடைச்சிருக்காது. உங்கை திருகோணமலையில எங்கை லைன்." பிறகு இன்னும் மெதுவாக, "கப்பல் அவவுக்கு ஒத்துவராது. நான்தான் வா வா எண்டு நிண்டனான்."

அக்கா திரும்பினார். கையில் மத்து. பருப்பு நிலத்தில் சொட்டியது. "காணும். தேங்காயைக் கொண்டாங்கோ. கறி முடிக்க வேண்டாமே?" என்றார். சொன்னது தில்லை அண்ணைக்கு. பார்த்தது என்னை.

சாப்பாட்டுக்கு எல்லோரும் நிலத்தில் இருந்தோம். அக்கா அண்ணைக்குப் பக்கத்திலேயே நின்று போட்டார். பருப்பு, கத்தரிக்காய்ப் பால்கறி, சம்பல், பொரித்த மிளகாய். சோறு முடிய முடியப் போட்டார்.

"இன்னும் கொஞ்சம் போடட்டே?"

"என்ன இண்டைக்கு? என்னை இந்தக் கவனிப்புக் கவனிக்கிறியள்? பொம்பிளை ஏதும் பாத்து வைச்சிருக்கிறியளோ?"

"பேசாமல் சாப்பிடுங்கோ."

நாங்கள் எல்லோரும் அவர் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தோம். ஒவ்வொரு கவளமும் உள்ளே போவதைப் பார்த்து எனக்கு ஒரு ஆறுதல் வந்தது. அதுவும் எனக்கு அருவருப்பாக இருந்தது. எமிலியானா தன் சோற்றுக் கோப்பையில் கையே வைக்கவில்லை. கமரா மேசையில் மூடியோடு கிடந்தது. அவர் அதை எடுக்கவில்லை. அதை நான் சொல்லத்தான் வேண்டும்.

லக்சன் வந்து கதவடியிலேயே நின்றான். தோட்ட வேலைச் சப்பாத்தைக்கூட மாற்றாமல் வந்திருந்தான். அண்ணை கை கழுவி, துவாயால் துடைத்துக்கொண்டு, "வாடா, சாப்பிடு" என்றார்.

"பெரியண்ணை, பெரியம்மாவுக்குக் கொஞ்சம் கடுமையாம்" என்றான் லக்சன்.

எங்கள் ஆட்களுக்கு அந்தச் சொல் போதும். தில்லை அண்ணை துவாயை மடித்தார்.

"எப்ப?"

"வியாழக்கிழமை."

"எடுத்தாச்சே?"

"வெள்ளிக்கிழமை. பெரியக்கான்ர மூத்தவன்தான் கொள்ளி வைச்சது."

"செத்தவீட்டுத் துடக்கோடை மலைக்குப் போயிட்டு வந்திருக்கிறன்" என்றார் அவர். பிறகு சுவரோடு சரிந்து நிலத்தில் இருந்தார். லக்சன் அவரைக் கட்டிக்கொண்டு குழறினான். அந்தச் சத்தத்தில் கீழே சந்தையில் கடை பூட்டிக்கொண்டிருந்தவர்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். நான் வாளியில் தண்ணீர் பிடித்தேன், அவர் தலைமுழுக. குழாயை முழுதாகத் திறந்துவிட்டேன், சத்தம் கேட்காமல் இருக்க.

அதன் பிறகு வீட்டில் ஒருவரும் என்னை ஒன்றும் கேட்கவில்லை. அக்கா எனக்குச் சோறு போடுவார். இன்னும் வேணுமோ என்று கேட்கமாட்டார். அவ்வளவுதான் வித்தியாசம். தில்லை அண்ணை எப்போதும் போலவே இருந்தார், அதுதான் கஷ்டம். தலையை மொட்டை அடித்தார். ஏன் மொட்டை என்று டொக்ரர் வீட்டுச் சினியோராவுக்கு ரெலிபோனில் விளக்கச் சொல்லி என்னைத்தான் கேட்டார். "நீ வடிவாச் சொல்லுவாய், தம்பி" என்றார். இரவில் பக்கத்துக் கட்டிலில் அவர் புரள்கிற சத்தம் கேட்டால் நான் நித்திரை மாதிரிக் கிடப்பேன்.

நான் எமிலியானாவிடம் போய், அந்தக் கசெற்றைத் தரச் சொல்லிக் கேட்டேன். மாட்டேன் என்றார். கோபமாக இல்லை. "இந்தப் படத்திலேயே உண்மையான இடம் அதுதான்" என்றார். "ஆனால் நான் ஒரு இடத்தை விட்டுப் போக முதல், எடுத்ததை அந்த ஆட்களுக்குப் போட்டுக் காட்டுவேன். வேண்டாம் என்று அவர்கள் சொன்னால் வெட்டுவேன். தில்லை பார்க்கட்டும். தில்லை சொல்லட்டும்."

அவர் பார்த்தால், அன்றைக்கு எனக்குத் தெரிந்திருந்தது தெரிந்துவிடும். அவருக்கு இன்னும் மனசு சரியில்லை, பார்க்கமாட்டாராம் என்று எமிலியானாவிடம் ஒரு பொய் சொன்னால் போதும். இரண்டு பக்கமும் பேச என்னை விட வேறு ஆள் இல்லை. அந்தப் பொய்யை நாலைந்து தரம் வாய்க்குள் சொல்லிப் பார்த்தேன். சொல்லவில்லை. நல்லவன் என்பதால் இல்லை. அக்கா அதையும் கண்டுபிடிப்பார் என்ற பயத்தில்.

முப்பத்தோராம் நாள் கிரியை முடிந்த அடுத்த ஞாயிறு பின்னேரம், முன்னறை ரீவியில் வயரைக் கொழுவி எமிலியானா படத்தைப் போட்டார். அக்கா, அண்ணை, லக்சன், கேசிகா, நான். சந்தை வந்தது, அக்கா பேரம் பேசுவது வந்தது, கேசிகா தன்னைக் கண்டு கத்தினாள். பிறகு குசினி. நீலக் கோட்டுச் சேட். திருவலை.

திரையில் தில்லை அண்ணை எழும்பித் தேங்காயை இடுப்பில் வைத்துக்கொண்டு நடந்தார். மொட்டைத் தலையோடு இருந்த தில்லை அண்ணை அதைப் பார்த்துக்கொண்டிருந்தார். கால்சாக் கடற்கரை வந்தது. ஐஸ்கிறீம் பாண் வந்தது. ரெலிபோன் லைன் வந்தது. சிரட்டையைப் பார்த்துக்கொண்டிருந்த முகத்தோடு திரை கறுப்பாகி, இத்தாலியனில் வெள்ளை எழுத்து இரண்டு வரி வந்து நின்றது.

"என்ன எழுதிக் கிடக்கு?" என்று அண்ணை கேட்டார்.

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். கேசிகாகூட வாசித்திருப்பாள். ஆனால் அவள் வாசிக்கவில்லை.

"தில்லையம்பலத்தின்ர தாய் மூண்டு நாளைக்கு முந்தியே செத்துப்போனா. அவருக்கு அது தெரியாது" என்று வாசித்தேன்.

அவர் அந்த எழுத்தையே பார்த்தார். பிறகு, "எனக்குத் தெரியாது எண்டு போட்டிருக்கு" என்றார். "ஆருக்குத் தெரியும் எண்டு போடேல்லையே?"

"ஆ?" என்றேன்.

"இன்னொண்டு. நான் என்ர பாட்டில எழும்பிக் கதைச்ச மாதிரிக் கிடக்கு. நீ கேட்டனியெல்லே? உன்ர குரல் எங்கை?"

எமிலியானாவிடம் கேட்டேன். கேட்பவரின் குரலைத் தான் எப்போதும் வெட்டிவிடுவதாகச் சொன்னார். பார்க்கிறவர்களுக்கு நேரே பேசுகிற மாதிரி இருக்குமாம். அதை அண்ணைக்குச் சொன்னேன்.

"தம்பி, காலமையே ரெலிபோன் வந்தது எண்டு அக்கா அண்டைக்கே எனக்குச் சொன்னவ. சாப்பிட விட்டுத்தான் சொன்னவை எண்டதில எனக்கொரு கோவமுமில்லை. நானும் அப்பிடித்தான் செய்திருப்பன்." அவர் என் பக்கம் திரும்பவில்லை. ரீவியைப் பார்த்தபடியே கேட்டார். "கேக்கேக்கை உனக்குத் தெரியுமே?"

நான் அக்காவைப் பார்த்தேன்.

"நான்தான் சொன்னனான்" என்றார் அக்கா. "தாயைப் பற்றிக் கேக்க வேண்டாம் எண்டும் சொன்னனான்."

"தெரியும் அண்ணை" என்றேன்.

"எமிலிக்கு?"

"அவவுக்கும் தெரியும். நான்தான் சொன்னனான்."

லக்சன் ஒரு கெட்ட வார்த்தை சொன்னான். அண்ணை கையைக் காட்டி அவனை அடக்கினார்.

"இதைக் கனடாவில, லண்டனில என்ர சனம் பாக்கும். தாய் செத்துக் கிடக்க, இவர் சேட்டை மினுக்கிப் போட்டுக்கொண்டு, தாயைப் போல நெளிச்சு நெளிச்சு நடந்து காட்டிப் பல்லைக் காட்டுறார் எண்டு சொல்லும். தெரியாது எண்டு எழுத்தில போட்டாலும் சொல்லும். எங்கட சனம் எழுத்தையே பாக்கும்? பல்லைத்தான் பாக்கும்."

"வெட்டச் சொல்லட்டே அண்ணை? நீங்கள் வேண்டாமெண்டால் வெட்டுவா." என் குரலில் இருந்த ஆசை எனக்கே கேட்டது.

"இல்லை. அம்மாவைப் பற்றி நான் கதைச்சது அது ஒண்டுதான் கிடக்கு. இனி எனக்கு அப்பிடிக் கதைக்க வராது. அது இருக்கட்டும். ஆனா கேள்வியை வெட்டக் கூடாது. கேட்டவனுக்குத் தெரியும், படம் பிடிச்சவவுக்கும் தெரியும் எண்டு எழுதோணும். இதைச் சொல்லு அவவுக்கு. ஒண்டும் விடாமல் சொல்லு."

சொன்னேன். ஒரு சொல்லையும் விடவில்லை. இத்தாலிய மொழியில் அது இன்னும் கடுமையாக இருந்தது. எமிலியானாவின் முகம் சிவந்தது. நிலத்தைப் பார்த்துக்கொண்டு, எழுதுவேன் என்றார். தனக்குத் தெரியும் என்று எழுதத்தான் வேண்டும் என்றார். அதன் பிறகு, என்னைப் பார்த்து, தணிந்த குரலில் இன்னொன்று சொன்னார்.

"என்ன சொல்லுறா?" என்றார் அண்ணை.

அதை நான் விட்டிருக்கலாம். அது எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் சொன்ன பேச்சு. எழுதுவாவாம் என்பதோடு நிறுத்தியிருந்தால் எல்லாம் முடிந்திருக்கும். அக்கா கதவு நிலையில் சாய்ந்துகொண்டு என்னைப் பார்த்தார். அவருக்கு இத்தாலியன் என்னைவிட நல்லாகத் தெரியும். ஆனால் அவர் வாயைத் திறக்கவில்லை.

"எழுதுவாவாம்" என்றேன். "ஆனா... முதல் கேள்விதான் தான் கேக்கச் சொன்னதாம். ரெண்டாவதைத் தான் சொல்லேல்லையாம். அது நானாக் கேட்டதாம்."

"ரெண்டாவது எது?"

"கால்சா. எங்கை கூட்டிக்கொண்டு போவியள் எண்டது."

தில்லை அண்ணை அப்போதுதான் என் பக்கம் திரும்பினார். கோபமாக இருந்திருந்தால் தாங்கியிருப்பேன். ஏதோ கணக்குப் புரியாத ஆளைப் போலப் பார்த்தார்.

"ஏன்ரா?"

"நல்லா இருக்கும் எண்டு நினைச்சன்."

அவர் தலையை ஆட்டினார். சரி என்றா, இல்லை என்றா என்று தெரியவில்லை.

"வெட்டாத கசெற் கிடக்கே?" என்றார். "கேள்வி இருக்கிறது? அதைப் போடச் சொல்லு. நான் அதைத்தான் பாக்கோணும்."

எமிலியானா பெட்டிக்குள் தேடி எடுத்துக் கமராவுக்குள் போட்டார். லக்சன் எழும்பி வெளியே போய்விட்டான். கேசிகாவை அக்கா மடியில் இழுத்து வைத்துக்கொண்டார். எனக்கும் எழும்பிப் போக வேண்டும் போல இருந்தது. தில்லை அண்ணை பாயில் பக்கத்து இடத்தைத் தட்டி, "இரு" என்றார்.

இருந்தேன். திரையில் தேங்காய் நடந்தது, ஆமிக்காரன் காத்து வாங்கினான், எல்லோரும் சிரித்தோம். என் சிரிப்பும் கேட்டது. பிறகு ஒரு சின்ன இடைவெளி. யாரும் ஒன்றும் கேட்காத இடைவெளி. அவர் திருவலையில் இருக்கிற சத்தம், அடுப்படியில் ஏதோ ஒரு சத்தம்.

அதற்குப் பிறகு என் குரல் வந்தது. ஞாபகத்தில் அது தயங்கித் தயங்கிக் கேட்ட குரல். ரீவியில் ஒரு தயக்கமும் இல்லை. விளையாட்டுக்குக் கூப்பிடுகிற பெடியனின் குரல் மாதிரி, அவ்வளவு சந்தோசமாக இருந்தது.